அந்தக் கறுப்புச் சுவர் யாருக்காக?

கேள்வி: எனக்கு 26 வயது. ஊர் குடியாத்தம். ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியில் குவாலிட்டி செக்கிங் வேலை, மாதம் 17,000 ரூபாய். அப்பா இல்லை. நண்பர்கள் டீம் எடுத்த நான்கு பேய்ப் படங்களில் நடித்திருக்கிறேன். இரண்டு குறும்படம், இரண்டு முழுப்படம். நான்கிலும் நான்தான் பேய். எல்லாமே எங்கள் பழைய வீட்டில் எடுத்தவை. தாத்தா காலத்துத் தறிக்குழி அப்படியே இருப்பதால், பேய் வெளியே வரும் காட்சிக்கு அருமையாக அமைந்தது. நாலாவது படத்துக்காகக் கூடத்துச் சுவருக்குக் கறுப்பு அடித்தோம். இரண்டாம் பாகத்திலும் வீடு அதே மாதிரி தெரிய வேண்டும், கன்டினியூட்டி வேண்டும் என்று அப்படியே விட்டிருக்கிறோம். அம்மா பேரணாம்பட்டில் சித்தி வீட்டில் இருப்பதால் பிரச்னை இல்லை. இதுவரை கைக்கு வந்தது 6,000 ரூபாய். வேலையை விட்டுவிட்டுச் சென்னைக்குப் போய் முழுநேரம் நடிக்கலாமா? பேய் நடிகன் என்று முத்திரை குத்திவிடுவார்களோ என்றும் பயமாக இருக்கிறது.
- வாசகர், குடியாத்தம்

பதில்:

தம்பி, நீ என் மகனைவிடச் சின்னவன். அதனால் 'நீ' என்றே எழுதுகிறேன்.

உன் கடிதம் ஐந்து பக்கம். மேலே அச்சாகியிருப்பது அதன் சாரம்தான். வெள்ளை லென்ஸ் போட்டுக் கண் எரிந்த கதை முக்கால் பக்கம் வருகிறது. எந்த கேமரா, எந்த லைட், எந்த ராத்திரி மழை வந்து கெடுத்தது என்பதெல்லாம் இருக்கிறது. அம்மாவுக்கு ஒரே ஒரு வரி. அதுவும் சுவரைப் பற்றிச் சொல்ல வந்த இடத்தில் ஒட்டிக்கொண்டு வந்த வரி.

நாலாவது படம் தை மாதமே முடிந்துவிட்டது என்கிறாய். நீ கடிதம் போட்டது சித்திரையில். மூன்று மாதமாக உன் அம்மா ஏன் இன்னும் பேரணாம்பட்டில் இருக்கிறார்? நீ எழுதவில்லை, நான் சொல்கிறேன். அவர் பாய் விரித்துப் படுத்த கூடம் இப்போது கன்னங்கரேல் என்று இருக்கிறது. ஜன்னலுக்குப் பலகை அடித்ததாக நீயே இரண்டாம் பக்கத்தில் எழுதியிருக்கிறாய். அவர் திரும்பி வந்து விளக்கேற்றி, கொடி கட்டித் துணி காயப்போட்டால் உங்கள் கன்டினியூட்டி போய்விடும். எப்போது எடுப்பார்கள் என்றே தெரியாத ஒரு இரண்டாம் பாகத்துக்காக ஒரு மனுஷி தன் வீட்டுக்கு வர முடியாமல் இருக்கிறார். இதைப் பிரச்னை இல்லை என்று எழுத உனக்குக் கை கூசவில்லையா?

பிரச்னை இல்லை, சரி. யாருக்கு?

தங்கை வீட்டில் நாலு நாள் இருந்தால் விருந்தாளி. நாலு வாரம் இருந்தால் வேலைக்கு ஒரு கை. மூன்று மாதம் ஆனால் என்ன பெயர் என்று எனக்கு வரும் கடிதங்களிலிருந்து நன்றாகத் தெரியும். அந்த மாதிரி அம்மாக்களும் எனக்கு எழுதுகிறார்கள். தங்கை வீட்டுக்காரர் கூடத்தில் உட்கார்ந்திருந்தால் அவரைத் தாண்டிக் கொல்லைப்பக்கம் போகத் தயங்குவார்கள். டிவியில் தன் சீரியலை வைக்கச் சொல்ல மாட்டார்கள். இரண்டாவது காபி கேட்க மாட்டார்கள். கொண்டுபோன பையைப் பிரித்துச் சேலைகளை பீரோவில் வைக்காமல், பைக்குள்ளிருந்தே ஒவ்வொன்றாக எடுத்துக் கட்டுவார்கள். "மகன் எப்போது கூப்பிடுவான்" என்று வெளியில் கேட்கவும் மாட்டார்கள். போனில் நீ விசாரித்தால் "நான் நல்லா இருக்கேன், நீ நேரத்துக்குச் சாப்பிடு" என்பார்கள். நீயும் அதை நம்பிக்கொள்வாய், நம்புவது உனக்கு வசதி.

அந்தத் தறிக்குழியும் என்னை விடவில்லை. உன் அம்மா அந்த வீட்டுக்கு மருமகளாக வந்தபோது தறி ஓடிக்கொண்டிருந்ததா? கேட்டிருக்கிறாயா? ஓடியிருந்தால் அவர் தார் சுற்றியிருப்பார், பாவு பிடித்திருப்பார். குடியாத்தம் லுங்கி என்று ஊர் ஊராகப் போனதே, அதில் எத்தனை அந்தக் குழியில் கால் விட்டு மிதித்து வந்தவையோ! அந்த வீட்டுக்குச் சோறு போட்ட குழி அது. அதிலிருந்து நீ தலைவிரிகோலமாக ஏறி வருகிறாய். வரலாம், நடிப்புதான், தப்பில்லை. ஆனால் கேமரா வைப்பதற்கு முன் அவரிடம் ஒரு வார்த்தை கேட்டாயா?

என் அம்மா வழியில் செய்யாறு பக்கம். தாய்மாமன் கூத்தில் வேஷம் கட்டியவர். துகில் நடக்கும் ராத்திரி, துச்சாதனன் வேஷக்காரர் பாஞ்சாலி சேலையில் கை வைப்பதற்கு முன்னால் ஆட்டத்தை நிறுத்திவிட்டுச் சூடம் ஏற்றிக் கும்பிடுவார். விடிய விடிய பார்த்துக்கொண்டிருக்கும் ஜனத்துக்கு அவர் யார் வீட்டுப் பிள்ளை என்பது நன்றாகத் தெரியும். இருந்தாலும் கும்பிட்டுவிட்டுத்தான் இழுப்பார். பொல்லாத வேஷம் கட்டுகிறவனுக்கு இப்படி ஒரு கணக்கு உண்டு, அதைத் தீர்த்துவிட்டுத்தான் ஆட வேண்டும். அதை நீ தீர்க்கவில்லை. மாசியில் சிவராத்திரி முடிந்த அமாவாசைக்குப் பாலாற்றங்கரையில் மயானக் கொள்ளை பார்த்திருப்பாய். காளி வேஷம் கட்டி நாக்கைத் துருத்திக்கொண்டு ஆடுகிறானே, அவன் அம்மா எங்கே இருப்பாள்? சொம்பில் தண்ணீரோடு பின்னாலேயே ஓடி வருவாள். அவளைச் சித்தி வீட்டுக்கு அனுப்பிவிட்டா அவன் ஆடுகிறான்? வைகாசி பிறந்தால் கெங்கையம்மன் சிரசையே ஊர்வலமாகத் தூக்கி வரும் ஊர் உன்னுடையது. உன் அம்மா பேய்க்குப் பயப்படுகிற பொம்பளையாக இருக்க மாட்டார். ஒரு மூலையில் நாற்காலி போட்டு உட்காரச் சொல்லியிருந்தால், உட்கார்ந்து பார்த்துவிட்டு "முடி இன்னும் கொஞ்சம் கலையணும்டா" என்று சொல்லியிருப்பார்.

இனி உன் தொழில் விஷயம். இதுவும் அந்த ஒரு வரியிலேயே இருக்கிறது.

நான்கு படமும் உன் வீட்டில். நான்கிலும் நீ பேய். முகத்தை மறைத்து முடி, கண்ணுக்கு வெள்ளை லென்ஸ். சென்னையில் ஷூட்டிங் ஹவுஸ் என்றே தனியாக வாடகைக்கு விடும் வீடுகள் இருக்கின்றன, நாள் கணக்கில் பணம் எண்ணி வைத்தால்தான் சாவி. உன் நண்பர்களுக்கு ஓட்டு வீடு, முற்றம், தறிக்குழி, ராத்திரி முழுக்க கரண்ட் எல்லாம் இனாம். வீட்டுக்காரப் பிள்ளைக்கு ஒரு வேஷம் கொடுத்தால் போதும். எந்த வேஷத்துக்கு முகமும் குரலும் வேண்டாமோ அதைக் கொடுத்திருக்கிறார்கள். அவர்கள் கெட்டவர்கள் என்று நான் சொல்லவில்லை, காசில்லாமல் படம் எடுப்பவர்கள் அப்படித்தான் செய்வார்கள். ஆனால் நீ உன்னை நடிகன் என்று எண்ணிக்கொண்டிருக்கிறாய். அவர்கள் கணக்கில் நீ லொகேஷனோடு சேர்ந்து வந்த ஆள்.

நான் சொல்வது தப்பாக இருக்கலாம். பார்த்துவிடலாமே. ஐந்தாவது படத்துக்கு அவர்கள் வரும்போது, "வீடு கிடைக்காது, அம்மா வந்துவிட்டார். நான் மட்டும் வருகிறேன், எங்கே வரட்டும்?" என்று கேள். இடம் சொன்னால் நீ நடிகன். "பார்த்துட்டுச் சொல்றோம் மச்சி" என்றால், சென்னைக்கு டிக்கெட் எடுப்பதற்கு முன்னால் தெரிந்துகொள்ள வேண்டிய சேதி அது.

முத்திரை குத்திவிடுவார்களா என்று பயப்படுகிறாய். குத்துவதற்கு முகம் தெரிய வேண்டும் தம்பி! பேய்ப் படத்தில் ஜனம் பேயைப் பார்ப்பது கொஞ்ச நேரம்தான். மீதி நேரமெல்லாம் பயப்படுகிறவன் முகத்தைத்தான் பார்க்கிறது. கதவுக்குப் பின்னால் ஒன்றுமே இல்லாதபோது இருப்பதாக நம்ப வைப்பது அந்த முகம்தான். 2012இல் வந்த 'பீட்சா'வை எடுத்துக்கொள். சின்னப் பட்ஜெட், முக்கியமான பகுதி ஒரே வீடு. அதில் விஜய் சேதுபதி பேயாக வரவில்லை, டார்ச்சைப் பிடித்துக்கொண்டு பயப்படுகிறவராக வந்தார். அவர் துபாயில் கணக்கு வேலை பார்த்தவர், பிறகு சென்னையில் கூத்துப்பட்டறை என்ற நாடகக் குழுவிலும் கணக்கராகச் சேர்ந்து அங்கேயே நடிப்பைக் கவனித்தவர். அந்தக் கூத்துப்பட்டறையை ந. முத்துசாமி 1977இல் தொடங்கியபோது அவர் மனதில் இருந்தது புரிசை கண்ணப்பத் தம்பிரானின் கூத்து. புரிசை எங்கே இருக்கிறது? பழைய வட ஆற்காட்டில், செய்யாறு பக்கத்தில். சென்னைக்காரர்கள் கற்றுக்கொள்ள உன் மாவட்டத்துக்கு வந்தார்கள். நீ ஒரு கூத்தாவது விடியும்வரை உட்கார்ந்து பார்த்திருக்கிறாயா? ஐந்து பக்கத்தில் அதைப் பற்றி ஒரு எழுத்து இல்லை. வரும் சீசனில் போ. மைக் இல்லாத காலத்தில் கடைசி வரிசை வரைக்கும் குரலைக் கொண்டுபோனவர்களிடம் மூச்சைப் பற்றிக் கேள்.

வேலையை இப்போது விடாதே. காட்பாடியிலிருந்து சென்னை 130 கிலோமீட்டர்தான், ஞாயிற்றுக்கிழமை காலை ரயிலேறினால் ஆடிஷன் முடித்து ராத்திரி வீடு திரும்பலாம். வாய்ப்புக் கேட்கும்போது காட்டும் ஷோரீல் வீடியோ இரண்டு நிமிஷத்தைத் தாண்ட வேண்டாம். முதல் காட்சியில் பேய் வேண்டாம். உன் சொந்த முகம், சொந்தக் குரல், யாரோடாவது சாதாரணமாகச் சண்டை போடுவது போதும். குடியாத்தத்துப் பேச்சை மறைக்காதே, இப்போது அதைத் தேடுகிறார்கள். அலறல் காட்சிக்கு ஒவ்வொரு டேக்கிலும் தொண்டையைக் கிழிக்காதே. படப்பிடிப்பில் வாயையும் கழுத்து நரம்பையும் காட்டு, சத்தத்தை டப்பிங்கில் கொடு. லென்ஸை இனி கண் டாக்டர் அளவு பார்த்துக் கொடுத்தால் மட்டும் போடு. இன்னொருவர் போட்டதை வாங்கிப் போடுவதும், குழாய்த் தண்ணீரில் கழுவிப் போடுவதும் கண்ணைப் பறிக்கும் வேலை. அந்த முக்கால் பக்கத்தைப் படித்து எனக்கு வயிறு கலங்கியது.

அடுத்தது எழுத்து. நாலு படத்துக்கு ஒரு காகிதம்கூட இல்லை, நண்பர்கள் என்பதால் கேட்கவில்லை என்கிறாய். 1999இல் அமெரிக்காவில் 'தி பிளேர் விட்ச் ப்ராஜெக்ட்' என்று ஒரு படம் வந்தது. யாருக்கும் தெரியாத மூன்று பேர், காட்டில் எட்டே நாள், அவர்கள் கையிலேயே கேமரா. உலகம் முழுக்க ஏறத்தாழ 25 கோடி டாலர் வசூல். அந்த மூன்று பேரும் நியாயமான பங்கு கேட்டுப் பகிரங்கமாக எழுதியது 2024இல். இருபத்தைந்து வருஷம் கழித்து! அதே படத்தில் இன்னொன்றும் நடந்தது. நடித்தவர்கள் நிஜமாகவே காணாமல் போய்விட்டார்கள் என்பதுபோல விளம்பரம் செய்தார்கள். நடிகையின் அம்மாவுக்கு வீடு தேடி அனுதாபக் கடிதங்கள் வந்தன. மகள் உயிரோடு இருக்கும்போது! இதை முதன்முதலில் படித்தபோது படத்தை விட அந்த அம்மாதான் என் மனதில் நின்றார்.

ஆகவே ஒரு பக்கத்தில் எழுதி வாங்கு. எத்தனை நாள், ஒரு நாளைக்குப் பேட்டா எவ்வளவு, பாக்கி எப்போது, படம் விற்றால் என்ன பங்கு, டைட்டிலில் பெயர் எங்கே, உன் காட்சிகளின் பிரதி எந்தத் தேதியில் கைக்கு வரும். வீட்டைக் கொடுப்பதானால் அதற்குத் தனிக் காகிதம், அதில் கையெழுத்து அம்மாவுடையது. பதிப்புரிமைச் சட்டத்தில் 2012இல் வந்த திருத்தத்தின்படி, நடித்தவன் இவன்தான் என்று பெயர் போடச் சொல்லிக் கேட்கும் உரிமை உனக்கு உண்டு. ஆனால் எழுத்தில் சம்மதம் கொடுத்து நடித்துவிட்டால், தயாரிப்பாளர் அந்தப் படத்தைப் பயன்படுத்துவதை நீ தடுக்க முடியாது. அதனால் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் படி.

நான் பழைய காலத்து ஆள்தான். பெற்றவளை வெளியே நிறுத்திவிட்டு வளரும் கலை எதிலும் எனக்கு மரியாதை இல்லை. நீ நடிக்க வேண்டும், பேயாக நடித்தாலும் சரி. அந்தக் கூடத்தில் கோலம் போட ஆள் இருக்கும்போது நடி.

கறுப்பு பெயின்ட் மேலேயே சுண்ணாம்பு அடித்தால் நிற்காது, உரிந்து கொட்டும். நன்றாகச் சுரண்டிவிட்டு அடி. உன் டைரக்டரையும் கூப்பிடு, கன்டினியூட்டி கேட்டவர் அவர்தானே, ஒரு பிரஷ் பிடிக்கட்டும். ஜன்னல் பலகையைப் பிடுங்கு. குழியைக் கூட்டிச் சுத்தம் செய். காய்ந்ததும் ஞாயிற்றுக்கிழமை பேரணாம்பட்டு பஸ் ஏறு. சித்தி வீட்டுக்கு வெறுங்கையோடு போகாதே, மூன்று மாதம் சோறு போட்டிருக்கிறார். அம்மா "இப்ப என்னடா அவசரம்" என்று சொல்வார். பையை நீயே தூக்கிக்கொள்.