கம்பளிப்பூச்சியா, சொறியன் புழுவா? புலி அந்துப்பூச்சிகள் பற்றிக் கேள்வி பதில்

கம்பம், போடி, செங்கோட்டை, பொள்ளாச்சி எனக் கேரள எல்லையை ஒட்டிய ஊர்களிலிருந்து வந்த கேள்விகள் இவை. ஒரே மாதிரி இருந்தவற்றைச் சேர்த்துப் பதில் எழுதியிருக்கிறேன். புலி அந்துப்பூச்சி (tiger moth) என்பது மயிர்ப்புழுவாக வளர்ந்து சிறகு முளைக்கும் ஒரு அந்துப்பூச்சிக் கூட்டம்.

தேனி கூடலூரிலிருந்து: அண்ணே, மழை விட்டதும் சுவரெல்லாம் மயிர்ப்புழு. எல்லாமே கம்பளிப்பூச்சிதானா? இதில் புலி அந்துப்பூச்சியின் புழு எது?

நம் பக்கம் மயிர் இருந்தாலே கம்பளிப்பூச்சி. மலையேறிக் குமுளிக்குப் போனால் அதையே சொறியன் புழு என்பார்கள். இரண்டு பெயருக்குள்ளும் பல குடும்பத்துப் புழுக்கள் கலந்து கிடக்கின்றன. அதனால்தான் குழப்பம்.

நிறத்தைப் பார்க்காதீர்கள். மயிர் எங்கிருந்து முளைக்கிறது என்று பாருங்கள். நகைக்கடைக்காரர் வைத்திருக்கும் பத்து மடங்கு லென்ஸ் போதும். புலி அந்துப்பூச்சிப் புழுவின் ஒவ்வொரு உடல் வளையத்திலும் சிறுசிறு மரு போன்ற மேடுகள் சுற்றிலும் இருக்கும். ஒவ்வொரு மேட்டிலிருந்தும் ஒரு கொத்து மயிர் விரிந்து நிற்கும். மொத்தத்தில் பாட்டில் கழுவும் பிரஷ் போல ஏறக்குறைய ஒரே சீராகத் தெரியும். குச்சியால் தொட்டால் சுருண்டு விழும், இல்லையென்றால் கிடுகிடுவென ஓடும். இவ்வளவு வேகம் மற்ற மயிர்ப்புழுக்களிடம் அவ்வளவாக இருக்காது.

முதுகில் பல் துலக்கும் பிரஷ்ஷை வெட்டி ஒட்டியதுபோல் நான்கு கட்டையான குஞ்சங்களும், தலைப்பக்கம் கொம்பு மாதிரி நீண்ட மயிர்க்கற்றையும் இருந்தால் அது குஞ்சப்புழு, வேறு கூட்டம். மயிர் பக்கவாட்டில் மட்டும் விளிம்பு கட்டியதுபோல் தொங்கினால் அதுவும் வேறு. காலே தெரியாமல் அட்டைபோல் வழுக்கி நகர்ந்து, மயிருக்குப் பதில் முள் வைத்திருந்தால் கை வைக்கவே வேண்டாம். மூன்றிலும் கடுமையாகக் கடுப்பது அதுதான்.

போடியிலிருந்து ஒரு அக்கா: முருங்கை மரத்து அடித்தண்டில் நூற்றுக்கணக்கில் அப்பிக்கொண்டிருக்கிறதே, அது?

அது புலி அந்துப்பூச்சி இல்லை அக்கா. முருங்கைக் கம்பளிப்புழு, யூப்டெரோட் என்ற பேரினம். ஏலத்தோட்டத்தில் நிழல் மரத்திலிருந்து கூட்டமாக இறங்கி வரும் புழுவும் இதே பேரினத்தைச் சேர்ந்ததுதான். பகலில் தண்டில் ஒட்டிக் கிடந்து இரவில் மேலேறி இலை தின்னும். ஆகவே பகலில் அது கூடியிருக்கும்போதே மருந்தடிக்க வேண்டும். மீன் எண்ணெய் ரோசின் சோப்பு லிட்டருக்கு 25 கிராம் கரைத்துத் தண்டு நனைய அடியுங்கள். தீப்பந்தம் காட்டுவது பழைய வழக்கம். ஆனால் கருகாத மயிர் காற்றில் பறந்து கண்ணில் விழும். வீட்டை ஒட்டிய மரத்தில் செய்யாதீர்கள்.

பையன் கையில் எடுத்துவிட்டான், தடிப்புத் தடிப்பாக வந்துவிட்டது. என்ன செய்ய?

தேய்க்கக் கூடாது. தேய்த்தால் முறிந்த மயிர் இன்னும் உள்ளே இறங்கும். செல்லோடேப்பை அந்த இடத்தில் ஒட்டி உரியுங்கள். ஒவ்வொரு முறையும் புது டேப்பாக நாலைந்து முறை. பிறகு சோப்பு நீரில் கழுவி, துணியில் சுற்றிய ஐஸ் வைத்து, காலமைன் லோஷன் தடவலாம். போட்டிருந்த சட்டையைத் தனியாகத் துவையுங்கள். மயிர் கண்ணில் பட்டிருந்தாலோ, மூச்சு இறைத்தாலோ வீட்டு வைத்தியம் வேண்டாம், உடனே மருத்துவமனைக்குப் போய்விடுங்கள். புலி அந்துப்பூச்சிப் புழுக்களில் பெரும்பாலானவை மற்ற கூட்டங்களைப் போலக் கடுமையாக ஊறல் தருவதில்லை. ஆனால் மென்மையான தோலுக்கு எந்த மயிரும் எரிச்சல்தான்.

ஆனைமலையிலிருந்து: மானாவாரிக் கடலையில் சிவப்புக் கம்பளிப்புழு வருஷா வருஷம் வருகிறது சார். மருந்தடித்தும் கேட்கவில்லை.

இது அசல் புலி அந்துப்பூச்சிதான், அம்சாக்டா அல்பிஸ்ட்ரைகா. மருந்து கேட்காததற்குக் காரணம் மருந்து இல்லை, நாள் தவறியதுதான். வளர்ந்த புழுவின் அடர்ந்த மயிரைத் தாண்டி மருந்து உடம்பில் படுவது கடினம்.

இதன் கணக்கு மழையோடு ஓடுகிறது. கூட்டுப்புழு மண்ணில் 10 முதல் 20 செ.மீ. ஆழத்தில், பெரும்பாலும் வரப்போரமும் மர நிழலிலும், ஏறக்குறைய பத்து மாதம் உறங்கும். முதல் நல்ல மழை மண்ணை நனைத்ததும் இரண்டு மூன்று நாளில் பூச்சி வெளியே வந்துவிடும். அந்த வாரம்தான் உங்கள் கையில் இருக்கும் வாரம். மாலையில் விளக்குப்பொறி வையுங்கள், அல்லது வரப்போரம் தீ மூட்டுங்கள். ஒரு பெண் பூச்சி இலையடியில் குவியலாக 800 முதல் 1000 முட்டை வரை இடும் என்பதால் முதல் நாளில் பிடிக்கும் ஒவ்வொரு பூச்சிக்கும் மதிப்பு உண்டு. கடலையைச் சுற்றித் தட்டைப்பயறோ ஆமணக்கோ விதைத்தால் அங்கேதான் முதலில் முட்டை விழும். சல்லடைபோல் அரிக்கப்பட்ட இலை தெரிந்தால் இலையோடு கிள்ளி மண்ணெண்ணெய் கலந்த நீரில் போடுங்கள். குஞ்சுகள் அப்போது சேர்ந்தே இருக்கும்.

இதையும் தவறவிட்டால் பெரிய புழு வயல் விட்டு வயல் ஊர்வலமாகப் போகும். 30 செ.மீ. ஆழம், 25 செ.மீ. அகலத்தில், சுவர் செங்குத்தாக ஒரு வாய்க்கால் எடுத்தால் தடுக்கலாம். சுவர் சரிந்திருந்தால் ஏறி வந்துவிடும். கோடை உழவை மட்டும் விட்டுவிடாதீர்கள். மேலே வந்த கூட்டுப்புழுவை வெயிலும் கொக்கும் மைனாவும் முடித்துவிடும்.

செங்கோட்டையிலிருந்து: விளக்கடியில் வெள்ளைப் பூச்சி, தோளில் சிவப்புக் கோடு. இதுவும் கடலைப் பூச்சியா?

பால்வெள்ளைச் சிறகின் முன்விளிம்பில் மட்டும் இரத்தச் சிவப்புக் கோடு, வயிறு சிவப்பில் கறுப்புப் பட்டை என்றால் அது அலோவா லாக்டீனியா. கடலைப் பூச்சிக்கு முன்சிறகு பழுப்பு, அதில் வெண்கீற்றுகள், முன்விளிம்பு மஞ்சள். மங்கிய மஞ்சள் சிறகில் கறுப்புப் புள்ளியும் சிவந்த வயிறும் இருந்தால் பீகார் கம்பளிப்புழுவின் பூச்சி.

முன்சிறகு சாம்பல் கலந்த பழுப்பில் கரும்புள்ளி, பின்சிறகு ரோஜா நிறம் என்றால் ஆமணக்கிலும் வாழையிலும் வளரும் ஓலெப்பா. இதில் ஒன்று கவனிக்க வேண்டும். ஓலெப்பாவில் ஒன்றுபோலத் தெரியும் பல இனங்கள் உண்டு, உள்ளுறுப்பைப் பிரித்துப் பார்க்காமல் பிரிக்க முடியாது. படத்தை வைத்து 'ஓலெப்பா' என்பதோடு நிறுத்துங்கள். அரைகுறையாக இனப்பெயர் எழுதுவதைவிட அதுதான் நேர்மையான பதிவு.

வயிற்றிலிருந்து நான்கு மயிர்க்கை நீட்டும் பூச்சி வீடியோ பார்த்தேன். நிஜமா?

நிஜம். கிரியேடோனோடாஸ் கேங்கிஸ், லின்னேயஸ் 1763-இல் பெயர் வைத்த பூச்சி. நம் பகுதியிலும் விளக்குக்கு வரும். ஆண் பூச்சி பெண்ணை அழைக்க வயிற்று நுனியிலிருந்து ஊதி நீட்டும் மணக்குழல்கள் அவை. முழுதாக ஊதினால் வயிற்றைவிட நீளமாகக்கூட இருக்கும். அதன் அளவு அது புழுவாக இருந்தபோது தின்ற செடியைப் பொறுத்தது. நச்சுப் பொருள் உள்ள செடியைத் தின்று வளர்ந்த ஆணுக்குப் பெரிய குழல், கிடைக்காததற்குச் சிறியது. மனிதருக்கு எந்தக் கெடுதலும் இல்லை. பயந்து அடித்துக் கொல்லாதீர்கள்.

கிலுகிலுப்பைச் செடியில் காய்க்குள் புழு இருக்கிறது. பகலிலும் பறக்கும் வெள்ளைப் பூச்சி ஒன்று கூடவே சுற்றுகிறது.

வெள்ளைச் சிறகில் கறுப்பும் சிவப்புமாகப் புள்ளி தெளித்திருந்தால் உட்டெதீசா. ஆரஞ்சுச் சிறகில் வெள்ளை வளையமிட்ட கரும்புள்ளி என்றால் ஆர்ஜினா ஆஸ்ட்ரியா. இரண்டும் கிலுகிலுப்பையிலும் சணப்பையிலும் வளர்பவை. அந்தச் செடியின் நஞ்சைப் புழுப் பருவத்திலேயே உடம்பில் சேர்த்துக்கொள்வதால் பறவையும் சிலந்தியும் ஒதுக்கிவிடும். பளிச்சென்ற நிறம் அதற்கான எச்சரிக்கைதான்.

கறுப்பு உடம்பில் மஞ்சள் வளையம், சிறகில் கண்ணாடித் திட்டு. குளவியா?

சிறகையும் இடையையும் பாருங்கள். குளவியாக இருந்தால் சிறகில் செதில் இருக்காது. உங்கள் பூச்சியின் சிறகில் கறுப்புச் செதிலுக்கு நடுவே கண்ணாடித் திட்டு இருக்கிறது, இடை ஒடுங்கவும் இல்லை. அமாட்டா வகை. இதுவும் புலி அந்துப்பூச்சிக் கூட்டம்தான், கொட்டாது.

சின்னமனூரிலிருந்து ஒரு தம்பி: புழுவை வளர்த்துப் பூச்சியைப் பார்க்க ஆசை. இரண்டு முறையும் செத்துவிட்டது, அண்ணே.

இனத்தை உறுதிசெய்ய இதைவிட நல்ல வழி இல்லை தம்பி, விட்டுவிடாதே. முதலில், எந்தச் செடியில் எடுத்தாயோ அதே செடியின் இலைதான். வேறு இலை கொடுத்தால் பட்டினியாகவே கிடக்கும். ஒரு லிட்டர் பிளாஸ்டிக் டப்பா, வாயில் கொசுவலைத் துணி, அடியில் டிஷ்யூ காகிதம். ஒரு டப்பாவில் இரண்டு புழுவுக்கு மேல் வேண்டாம். இலையையும் காகிதத்தையும் தினம் மாற்று. கழுவிய இலையைத் துடைத்துப் போடு. டப்பாச் சுவரில் வியர்வை கோத்தால் நோய் வந்துவிட்டதென்று வைத்துக்கொள். தலைகீழாகத் தொங்கி உடம்பு தண்ணீராக உடைந்தால் அது வைரஸ். அந்த டப்பாவைக் கொதிநீர் ஊற்றிக் கழுவாமல் மறுபடி பயன்படுத்தாதே.

ஒரு நாள் முழுக்க அசையாமல், தின்னாமல் கிடந்தால் செத்துவிட்டது என்று தூக்கிப் போடாதே. தலைக்குப் பின்னால் தோல் சற்றே புடைத்து மினுமினுக்கும். தோலுரிக்கப் போகிறது என்று அர்த்தம். அப்போது தொட்டால்தான் சாகும். புழுவின் மேல் அரிசி நொய் போல வெள்ளைக் கூடுகள் ஒட்டியிருந்தால் ஒட்டுண்ணிக் குளவி முந்திக்கொண்டது. உன் தவறு இல்லை. அந்தக் குளவி பயிருக்கு நண்பன், வெளியே விட்டுவிடு.

வளர்ந்த புழு தன் மயிரையே உதிர்த்துப் பட்டு இழையோடு பின்னிக் கூடு கட்டும். காய்ந்த இலை கொஞ்சம் போட்டு வை. சிவப்புக் கம்பளிப்புழுவென்றால் மட்டும் 15 செ.மீ. ஈர மண் வேண்டும், அடுத்த மழைவரை பொறுமையும் வேண்டும். மற்றவை பலவும் பத்துப் பதினைந்து நாளில் வெளிவரும். டப்பாவுக்குள் ஒரு சொரசொரப்பான குச்சியைச் சாய்த்து வை. வெளிவந்த பூச்சி ஏறித் தொங்கினால்தான் சிறகு விரியும். வழுக்கும் பிளாஸ்டிக்கில் கீழே கிடந்தால் சுருங்கிய சிறகோடே காய்ந்துவிடும்.

படம் எடுத்து அனுப்பினால் பெயர் சொல்வீர்களா?

சொல்கிறேன். நான்கு படம் வேண்டும்: நேர் மேலிருந்து ஒன்று, பின்சிறகு தெரிய ஒன்று, வயிற்றின் பக்கவாட்டு, முன்காலும் கழுத்தும். அளவுக்குப் பக்கத்தில் பத்து ரூபாய் நாணயம் வையுங்கள், அதன் விட்டம் 27 மி.மீ. புழு என்றால் அது தின்றுகொண்டிருந்த இலையையும் சேர்த்து எடுங்கள். பின்சிறகைப் பார்க்கக் கையால் இழுக்காதீர்கள், புல் நுனியால் லேசாகத் தொட்டால் பல பூச்சிகள் தாமே வயிற்றை வளைத்துச் சிவப்பைக் காட்டும். கழுத்தோரம் மஞ்சள் நுரை வந்தால் அதையும் எடுத்து அனுப்புங்கள்.