தியான முகாமுக்குக் கடன் வாங்கலாமா?

கேள்வி: நாவலூரில் சொந்த ஃப்ளாட். எங்கள் இருவர் சம்பளமும் சேர்த்து மாதம் 1,60,000 ரூபாய். வீட்டுக்கடன் தவணை 62,000. கிரெடிட் கார்டு நிலுவை 1,80,000; மாதம் 9,000 கட்டுகிறேன். எல்லாம் வாங்கியாகிவிட்டது, மனசுதான் நிறையவில்லை. ரிஷிகேஷில் 12 நாள் தியான முகாமுக்கு 1,40,000 கேட்கிறார்கள். வங்கி 14 சதவீத வட்டியில் தனிநபர் கடன் தரத் தயார். வாங்கலாமா? நன்கொடைக்கான 80ஜி வரிச்சலுகை உண்டா?
– வாசகி, சென்னை

பதில்: கடனை வாங்குங்கள் அம்மா, ஆனால் கார்டை அடைக்க.

கார்டு வட்டி மாதம் 3.5 சதவீதம் என்றால் 6,300 ரூபாய். அதன்மேல் 18 சதவீத ஜிஎஸ்டி 1,134. நீங்கள் கட்டும் 9,000-ல் அசலுக்குப் போவது வெறும் 1,566. போதாக்குறைக்கு, நிலுவை இருக்கும்வரை புதிதாகத் தேய்க்கும் மளிகை பில்லுக்கும் அன்றிலிருந்தே வட்டி ஓடும். இதே 1,80,000-ஐ 14 சதவீதத்துக்கு மாற்றினால், மாதம் சுமார் 8,640 வீதம் இரண்டே வருடத்தில் முடிந்துவிடும்.

நீங்கள் அனுப்பிய ஸ்டேட்மென்ட்டையும் பார்த்தேன். ஏர் ஃப்ரையர், டிரெட்மில், அப்புறம் அரோமா டிஃப்யூசர், தியான ஆப் சந்தா. மனசு நிறையாதபோதெல்லாம் கார்டை எடுத்திருக்கிறீர்கள். ரிஷிகேஷும் அந்தப் பட்டியலில் அடுத்த வரியாகத்தான் எனக்குத் தெரிகிறது. தேடலைக் குறை சொல்லவில்லை, தேடும் வழிதான் பழைய வழி.

80ஜி கிடைக்காது. முகாம் கட்டணம் நன்கொடை ஆகாது. புதிய வரிமுறையில் இருந்தால் அந்தப் பிரிவே உங்களுக்கு இல்லை. 'நன்கொடை ரசீதாகவே தருகிறோம்' என்று யாராவது சொன்னால், அந்த இடத்துக்கே போகாதீர்கள்.

சென்னை அருகே திருமுடிவாக்கத்தில் விபாசனா தியான மையம் இருக்கிறது. 10 நாள் பயிற்சி, தங்குமிடம், சாப்பாடு எதற்கும் கட்டணமில்லை. முடித்தவர்கள் விரும்பினால் நன்கொடை தரலாம். போனை வாங்கி வைத்துவிடுவார்கள், மற்றவர்களோடு பேசவும் கூடாது. பத்து நாள் எதையும் ஆர்டர் போட முடியாது என்பது கார்டுக்கும் நல்லதுதான்! செலவு உங்கள் லீவு மட்டும்.

அதற்கப்புறமும் ரிஷிகேஷ் வேண்டும் என்று தோன்றினால், கடன் முடிந்ததும் அதே 8,640-ஐ ஆர்.டி.யில் போடுங்கள். 16 மாதத்தில் 1,40,000 சேர்ந்துவிடும். இப்போதைக்கு, கையெழுத்துப் போடுமுன் பிராசஸிங் கட்டணம் எவ்வளவு, முன்கூட்டியே அடைத்தால் அபராதம் உண்டா என்று வங்கியில் கேட்டுக்கொள்ளுங்கள். கார்டு லிமிட்டையும் அன்றே பாதியாகக் குறைக்கச் சொல்லுங்கள்.