எழுத்தில் உண்டு, வாயில் இல்லை

அன்புள்ள ஐயா,

அபூர்வமான ஆங்கிலச் சொற்களை ஒரு நோட்டில் எழுதி, உச்சரிப்பைத் தமிழில் குறித்து வைப்பது என் வழக்கம். சென்ற வாரம் வகுப்பில், ஒருவகை ஆகுபெயரைக் குறிக்கும் சொல்லை ‘சினெக்டோச்’ என்று வாசித்தேன். ‘சினெக்டகி’ என்று ஒரு மாணவி திருத்தினாள். பிறகு ஓர் அமெரிக்க அகராதியைப் பார்த்து ‘ட’வை அழுத்திச் சொன்னேன். அதுவும் தவறாம். அகராதியை எப்படித்தான் வாசிப்பது? இணையப் பட்டியல்களில் வரும் அரிய சொற்களை நம்பலாமா?

க., தஞ்சாவூர்

அன்புள்ள க.,

உங்களைக் கவிழ்த்தது ஒரு சின்னக் கோடு. ஆக்ஸ்ஃபோர்டு, கேம்பிரிட்ஜ் அகராதிகள் அழுத்தக்குறியை அழுத்த வேண்டிய அசைக்கு முன்னால் போடும். அமெரிக்கன் ஹெரிடேஜ் அசைக்குப் பின்னால் போடும். ‘நெக்’குக்கு உரிய கோட்டை ‘ட’வுக்கு உரியதாக எடுத்துக்கொண்டிருப்பீர்கள். அமெரிக்க அகராதிகள் எல்லாம் அப்படி என்றும் சொல்ல முடியாது, மெரியம்-வெப்ஸ்டர் முன்னால்தான் போடும். புது அகராதியைத் திறந்ததும் குறிவிளக்கப் பக்கத்தைப் பார்த்துவிடுங்கள்.

அழுத்தம் விழாத அசையில்தான் நமக்குச் சிக்கல். அங்கே உயிரொலி தேய்ந்து, வாயைப் பாதி திறந்தால் வரும் முனகல் போல ஆகிவிடும். ஷ்வா என்பார்கள், தலைகீழான ஆங்கில ‘இ’ அதன் குறி. நம் கட்டுமரம் ஆங்கிலத்துக்குப் போனபோது ‘டு’வின் உகரமும் ‘ம’வின் அகரமும் இப்படித்தான் தேய்ந்தன. நாமோ எல்லா அசைக்கும் சம எடை கொடுத்துப் பழகியவர்கள். ஆகவே நோட்டில் அழுத்த அசைக்கு அடிக்கோடு போடுங்கள், ஷ்வாவுக்குத் தமிழ் உயிரெழுத்து எதுவும் எழுதாமல் அந்தத் தலைகீழ் எழுத்தையே வையுங்கள். தமிழ் எழுத்தை மட்டும் நம்பினால், படகின் பக்கப் பலகையின் மேல்விளிம்பைக் குறிக்கும் சொல் ‘கன்னல்’ ஆகிக் கரும்பாக இனிக்கும். அதன் முதல் ஒலி ‘கங்கை’யில் வருவது. எழுத்துக்கூட்டிப் படித்தால் ‘கன்வேல்’ என்று வரும், மாலுமி வாயில் அது சுருங்கிப்போயிற்று.

சினெக்டகியின் கடைசி ‘இ’ ஒலிப்பதற்குக் காரணம் கிரேக்கம். எபிடமி, ஹைபர்பலி, கடாஸ்ட்ரஃபி எல்லாம் அதே குடும்பம். பொருளிலும் கவனம் வேண்டும். உறுப்பின் பெயர் முழுமைக்கு ஆகி வருவதும், முழுமையின் பெயர் உறுப்புக்கு ஆகி வருவதும் சினெக்டகிதான். ‘வெற்றிலை நட்டான்’ என்ற சினையாகுபெயர், ‘முல்லை சூடினாள்’ என்ற பொருளாகுபெயர், இரண்டுமே இந்த ஒரு சொல்லுக்குள் அடங்கும். சினையாகுபெயர் என்று மட்டும் குறித்திருந்தால் பாதிதான் எழுதியிருக்கிறீர்கள்.

சில சொற்களின் முதல் எழுத்தாக இருந்தும் ஒலிக்காத ‘பி’க்கும் இரண்டு வரலாறு. டெரடாக்டில் என்ற பறக்கும் ஊர்வனவின் பெயரில் ‘பி’ நியாயமானது. சிறகைக் குறிக்கும் கிரேக்க ‘ப்டெரான்’ அதில் இருக்கிறது. அதே சிறகுதான் ஹெலிகாப்டரிலும், ஆனால் சொல்லின் நடுவில் வருவதால் அங்கே ‘ப்’ ஒலிக்கிறது. டார்மிகன் என்ற குளிர்நாட்டுப் பறவையின் பெயரோ ஸ்காட்லாந்தின் கேலிக் மொழியிலிருந்து வந்தது. கிரேக்கம் என்று நினைத்து யாரோ ஒரு ‘பி’யை முன்னால் ஒட்டிவிட்டார்கள். படித்தவர்கள் செய்த பிழை, இன்றுவரை திருத்தப்படவில்லை.

இணையப் பட்டியல்களை அப்படியே நம்ப வேண்டாம். கடமையை வேண்டுமென்றே தட்டிக்கழிப்பது என்ற பொருளில் ‘எஸ்க்விவேலியன்ஸ்’ கண்ணில் பட்டால், அது நியூ ஆக்ஸ்ஃபோர்டு அமெரிக்கன் அகராதி 2001 பதிப்பில், திருடி அச்சிடுவோரைப் பிடிக்க வைத்த பொறி. 1934இல் வெப்ஸ்டர் அகராதியில் ‘அடர்த்தி’ என்ற பொருளில் ‘டோர்ட்’ என்று ஒரு சொல் வந்தது. உண்மையில் அது பெரிய ‘டி’ அல்லது சிறிய ‘டி’ என்று சுருக்கக்குறிக்காக எழுதிய சீட்டு. நடுவில் இருந்த ‘ஆர்’, அதாவது ‘அல்லது’, இரண்டு ‘டி’யோடும் ஒட்டிக்கொண்டது. 1939இல் அகராதியின் பதிப்பாசிரியர் ஒருவர் கண்டுபிடித்தார். எப்படி என்றால், அந்தச் சொல்லுக்கு வேர்ச்சொல் விளக்கம் இல்லை.

நீங்களும் அதையே முதலில் தேடுங்கள், அடுத்து மேற்கோள் வாக்கியங்களை. ஆக்ஸ்ஃபோர்டு பேரகராதியில் சொல்லுக்கு முன் குத்துவாள் குறி (†) இருந்தால் அது வழக்கொழிந்த சொல். நோட்டில் எழுதிக்கொள்ளலாம், மாணவர்களின் கட்டுரையில் வேண்டாம்.