டெலிபோன் கூண்டும் நீலக் கோடையும்

கேள்வி: டெலிபோன் கூண்டுக்குள் ஒருவர் மாட்டிக்கொள்ளும் 'லா கபினா' என்ற ஸ்பானிஷ் படம் பார்த்துவிட்டு இரண்டு ராத்திரி தூக்கமில்லை. அதை எடுத்த அந்தோனியோ மெர்செரோதான் பிள்ளைகளுக்கான தொடரும் எடுத்தாராமே, நிஜமா?

பதில்: நிஜம்தான். 1981-ல் ஸ்பெயின் அரசுத் தொலைக்காட்சியில் தொடங்கிய 'வெரானோ அசூல்', அதாவது 'நீலக் கோடை'. 19 பகுதிகளையும் அவரே இயக்கினார்.

'லா கபினா' 1972 டிசம்பரில் ஒளிபரப்பானது. 35 நிமிடம்தான். ஹோசே லூயிஸ் கார்சியோடு சேர்ந்து எழுதினார். 1973-ல் சர்வதேச எம்மி விருது வாங்கியது. அப்போது ஸ்பெயினில் சர்வாதிகாரி ஃபிராங்கோவின் ஆட்சி என்பதால் அந்தக் கூண்டையே ஆட்சியின் உருவகமாகப் பலர் பார்க்கிறார்கள். இருக்கலாம். என்னைக் கலங்கடித்தது வெளியே நிற்கும் கூட்டம். முதலில் கதவை இழுத்துப் பார்க்கிறார்கள், கொஞ்ச நேரத்தில் வேடிக்கை பார்த்துச் சிரிக்கிறார்கள். கூண்டுக்குள் மாட்டிக்கொள்பவராக நடித்த லோபெஸ் வாஸ்கெஸின் முகத்தை இன்னொரு முறை கவனியுங்கள்: முதலில் அசட்டுச் சிரிப்பு, பிறகு கூச்சம், அப்புறம்தான் பயம். லாரி வந்து கூண்டோடு அவரைத் தூக்கிப் போகும்போது ஒருத்தரும் மறிப்பதில்லை.

'வெரானோ அசூல்' பார்த்தால் இதற்கு அவரே பதில் சொன்னது போல இருக்கும். மாலகா மாகாணத்தின் நெர்ஹா கடற்கரையில் எடுத்த தொடர். சாங்கேத்தே என்ற கிழவர், தரையில் நிற்கும் பழைய படகில் குடியிருக்கிறார். அடுக்குமாடி கட்டப் படகை அகற்ற வரும்போது, விடுமுறைக்கு வந்த பிள்ளைகள் அதில் ஏறிக்கொண்டு 'எங்களை அசைக்க முடியாது' என்று பாடுகிறார்கள். இங்கே கூட்டம் கைவிடுவதில்லை! மெர்செரோவின் மொத்த வேலையிலும் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான்.

பிறகு 1991 முதல் 1995 வரை மருந்துக்கடைக் குடும்பத்தின் கதையான 'ஃபார்மாசியா தே குவார்தியா'. சினிமாவில், புற்றுநோய் வார்டுப் பையன்களைப் பற்றிய 'பிளாந்தா குவார்தா' (2003), அல்சைமர் என்ற மறதி நோயைப் பற்றிய 2007-ஆம் ஆண்டுப் படம். பின்னால் அதே நோய் அவரையும் பிடித்தது. 2010-ல் ஸ்பானிஷ் சினிமாவுக்கான கோயா விருதுகளில் கௌரவ விருது கொடுத்தார்கள். 2018-ல் மத்ரீத்தில் காலமானார்.

நீங்கள் அடுத்து 'வெரானோ அசூல்' பாருங்கள், முதல் பகுதியிலிருந்தே. சாங்கேத்தே இறக்கும் பகுதி பிரபலம் என்று நேரே அங்கே தாவிவிடாதீர்கள். கிழவரோடு பழகாமல் அந்த அழுகை வராது.