சயாம் ரயிலுக்குப் போனவர்களின் பெயர்கள்

அன்புள்ள ஐயா,

நான் மலேசியாவில் கெடா மாநிலத்தில் பிறந்து வளர்ந்தவள். சென்ற மாதம் குடும்பத்தோடு தாய்லாந்து போயிருந்தபோது காஞ்சனபுரியில் உள்ள போர்க் கல்லறைத் தோட்டத்தைப் பார்த்தோம். வரிசை வரிசையாகக் கற்கள். ஒவ்வொன்றிலும் பெயர், வயது, படைப்பிரிவு. என் தாத்தாவையும் சயாம் ரயில் பாதை போடத்தான் 1943-ல் எங்கள் தோட்டத்திலிருந்து கொண்டுபோனார்கள். திரும்பி வரவில்லை. எங்கே, என்றைக்கு இறந்தார் என்று யாருக்கும் தெரியாது. பாட்டி சாகும்வரை பொட்டு வைத்துக்கொண்டிருந்தார். அப்பா அப்போது கைக்குழந்தை. வீட்டில் தாத்தாவின் படம் கிடையாது, திதி கொடுத்ததும் கிடையாது. அப்பாவின் ஐசியில் (அடையாள அட்டையில்) அவர் பெயருக்குப் பின்னால் இருக்கும் பெயர் ஒன்றுதான் தாத்தா என்று ஒருவர் இருந்ததற்கு அடையாளம்.

உறவினர்கள் சேர்ந்து ஒரு நினைவு நாள் நடத்தலாம் என்று பேசினோம். என் அண்ணன், "பிடித்துக்கொண்டு போன கூலிகள்தானே, சண்டை போட்டா செத்தார்கள்? எண்பது வருஷம் கழித்து இதெல்லாம் எதற்கு?" என்கிறார். இன்னும் சிலர் அழைப்பிதழில் அவர்களைத் தியாகிகள், வீரர்கள் என்றுதான் போட வேண்டும் என்கிறார்கள். எனக்கு இரண்டுமே சரியாகப் படவில்லை. நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்? அந்தக் காலத்தை நேரில் பார்த்தவர் என்று எங்கள் குடும்பத்தில் இப்போது அப்பாவின் அக்கா ஒருவர்தான் இருக்கிறார். அவருக்கு 90 வயதாகிறது.

ஒரு வாசகி, சுங்கைப்பட்டாணி

*

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு வெகு நேரம் வேறு வேலை ஓடவில்லை. தமிழ்நாட்டில் இதைப் படிப்பவர்களில் பலருக்கு சயாம் ரயில் என்றால் என்னவென்றே தெரியாது என்பதால், அவர்களுக்காக முதலில் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். சயாம் என்பது தாய்லாந்தின் பழைய பெயர்.

இரண்டாம் உலகப் போரில் மலாயாவையும் பர்மாவையும் பிடித்த ஜப்பானியப் படை, பர்மாவுக்கு ஆளும் தளவாடமும் அனுப்ப, தாய்லாந்தின் பான் போங் பக்கத்திலிருந்து பர்மாவின் தன்பியூசயாட் வரை காட்டையும் மலையையும் வெட்டி ஏறக்குறைய 415 கிலோமீட்டருக்கு ரயில் பாதை போட்டது. 1942-ன் நடுவில் தொடங்கிய வேலை 1943 அக்டோபரில் முடிந்துவிட்டது. அந்த அவசரம்தான் ஆட்களைக் கொன்றது. வேலை செய்தவர்களில் 60,000 பேருக்கு மேல் போர்க்கைதிகள்: பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சு, கொஞ்சம் அமெரிக்கச் சிப்பாய்கள். அவர்களில் 12,000-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்கள் அவர்களைப் போல மூன்று மடங்காவது இருப்பார்கள். பர்மியர்கள், ஜாவாக்காரர்கள், மலாய்க்காரர்கள், சீனர்கள், அப்புறம் மலாயாவின் ரப்பர் தோட்டங்களிலிருந்து போன நம் ஆட்கள். மலாயாவிலிருந்து மட்டும் 70,000-க்கும் மேற்பட்டவர்களைக் கொண்டுபோனார்கள், அதில் பெரும்பாலோர் தமிழர்கள். மூன்று மாத வேலை, நாளுக்கு ஒரு டாலர் கூலி, சாப்பாடும் மருத்துவமும் இலவசம் என்று விளம்பரம் செய்து ஆள் சேர்த்தார்கள், அதில் ஆள் போதாமல் போனதும் தோட்டம் தோட்டமாகப் பிடித்து ஏற்றினார்கள். ஆசியத் தொழிலாளர்களில் எத்தனை பேர் இறந்தார்கள் என்பதற்குச் சரியான கணக்கே கிடையாது. சுமார் 90,000 என்பது பலரும் சொல்லும் மதிப்பீடு.

நீங்கள் பார்த்த கல்லறைத் தோட்டத்துக்கு இப்போது வருகிறேன். காஞ்சனபுரியில் மட்டும் கிட்டத்தட்ட 7,000 கல்லறைகள். அவை எப்படி வந்தன என்பதைத் தெரிந்துகொண்டால் நம் ஆட்களுக்கு ஏன் இல்லை என்பதும் புரிந்துவிடும். போர்க்கைதிகளின் முகாம்களில் அதிகாரிகள் இருந்தார்கள், டாக்டர்கள் இருந்தார்கள், எழுதத் தெரிந்தவர்கள் இருந்தார்கள். யார் இறந்தார், எந்த நாள், எந்த இடத்தில் புதைத்தோம் என்று ரகசியமாகக் குறித்து வைத்தார்கள். காவலாளிகள் கண்ணில் படாமலிருக்க, அந்தக் குறிப்புகளைக் கல்லறைக் குழிகளுக்குள்ளேயே மறைத்ததும் உண்டு. போர் முடிந்த கையோடு, 1945 செப்டம்பரிலேயே, முன்னாள் கைதிகள் அடங்கிய ஒரு குழு அந்தக் குறிப்புகளோடு பாதை நெடுகப் போய், காட்டுக்குள் இருந்த 10,000-க்கும் மேற்பட்ட கல்லறைகளைக் கண்டுபிடித்தது. உடனே வீட்டுக்குக் கப்பலேறாமல், செத்த கூட்டாளிகளைத் தேடி அதே காட்டுக்குத் திரும்பப் போனவர்கள். அந்த மனிதர்கள் மீது எனக்குப் பெரிய மரியாதை உண்டு. உங்களுக்கு அந்தக் கற்களைப் பார்த்துக் கோபம் வந்திருந்தால் அது நியாயம்தான், ஆனால் அந்தக் கோபம் அங்கே படுத்திருப்பவர்கள் மீதோ அவர்களைத் தேடி எடுத்தவர்கள் மீதோ போக வேண்டாம்.

நம் முகாம்களில் இது எதுவுமே இல்லை. டாக்டர் இல்லை, நிர்வாகம் இல்லை, பேர் எழுதிவைக்க ஆள் இல்லை. 1943 மழைக்காலத்தில் காலரா வந்தபோது, செத்தவர்களைச் சேர்த்துக் குழியில் போட்டு மூடினார்கள், அல்லது எரித்தார்கள். சிங்கப்பூரில் கைதிகளாக இருந்த மருத்துவக்காரர்கள் கொஞ்சம் பேரைத் தொழிலாளர் முகாம்களுக்கு ஜப்பானியர்கள் அனுப்பத்தான் செய்தார்கள், ஆனால் அத்தனை ஆயிரம் நோயாளிகளுக்கு அவர்கள் எந்த மூலைக்கு? போருக்குப் பிறகும் செத்த இவர்களின் குழிகளைத் தேடிக்கொண்டு எந்த அரசும் போகவில்லை. கல்லறைகளைப் பராமரிக்கும் காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையம், பதவி வித்தியாசம் பார்க்காமல் ஒவ்வொருவரையும் பெயர் சொல்லி நினைவுகூர வேண்டும் என்ற கொள்கையோடு 1917-ல் தொடங்கியது. நல்ல கொள்கை. ஆனால் அது படையில் சேர்ந்தவர்களுக்கு. தோட்டத்திலிருந்து ஏற்றிப்போன பால்வெட்டுக்காரர், அதாவது ரப்பர் மரத்தில் பால் எடுப்பவர், அதில் எங்கே வருவார்?

அங்கே ஆற்றுப் பாலத்துக்குப் பக்கத்தில் இன்னொரு நினைவுச்சின்னம் இருக்கிறது, நீங்கள் பார்த்தீர்களா என்று தெரியவில்லை. பாதை போடும்போது செத்தவர்களுக்காக 1944-ல் ஜப்பானியப் படையே கட்டியது. பல மொழிகளில் வாசகம் வைத்திருக்கிறார்கள், அதில் தமிழும் ஒன்று. அதை நினைத்தால் எனக்கு மனசு ஆறவே ஆறாது. நம் ஆட்களுக்காகத் தமிழில் கல்வெட்டு வைத்தது, அவர்களைக் கொண்டுபோய்ச் சாகவிட்ட படை. பேர் ஒன்றுகூட இல்லை. மொத்தமாக ஒரு வணக்கம், அவ்வளவுதான்.

உங்கள் அண்ணன் கேட்டதற்கு வருகிறேன். அவர் மீது எனக்கு வருத்தம் இல்லை, தோட்டத்திலேயே பலரும் அப்படித்தான் பேசியிருப்பார்கள். ஆனால் அந்தக் கேள்விக்கு உலகம் வேறு பதில் சொல்லத் தொடங்கிவிட்டது. முதல் உலகப் போரில் ஆப்பிரிக்காவிலும் மத்தியக் கிழக்கிலும் பிரிட்டிஷ் படைக்காகச் செத்தவர்களில் குறைந்தது 1,16,000 பேர், ஒருவேளை 3,50,000 பேர் வரை, பெயர் சொல்லியோ அல்லது எந்த விதத்திலுமோ நினைவுகூரப்படவில்லை என்று அதே ஆணையத்தின் சிறப்புக் குழு 2021-ல் அறிக்கை தந்தது. அதைத் தொடர்ந்து 2025 ஜனவரியில் தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனில் ஒரு நினைவிடம் திறந்தார்கள். துப்பாக்கி தூக்காதவர்கள், பெரும்பாலும் கறுப்பினத் தொழிலாளர்கள், மூட்டை சுமந்தவர்கள், வண்டி ஓட்டியவர்கள், 1,700-க்கும் மேற்பட்டவர்கள். ஒவ்வொருவருக்கும் ஒரு மரத் தூண், அதில் அவர் பெயர். செத்து நூறு வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. ஆவணங்களைத் தோண்டித் தோண்டி அந்தப் பெயர்களை எடுத்திருக்கிறார்கள். அண்ணனுக்கு இதைச் சொல்லுங்கள். எண்பது வருஷம் ஒன்றும் தாமதம் இல்லை.

அதே சமயம், அழைப்பிதழில் வீரர்கள், தியாகிகள் என்று போடுவதில் எனக்கும் உடன்பாடு இல்லை. அவர்கள் எதற்காகவும் உயிரைக் கொடுக்கவில்லை, அவர்களிடமிருந்து உயிரைப் பிடுங்கினார்கள். அதை மறைத்துவிட்டு மாலை போட்டால், குற்றம் செய்தவர்களுக்கு ஒரு விதத்தில் உதவி செய்கிறோம். போரில் செத்தவனுக்கு மரியாதை செய்ய அவன் போராடியிருக்க வேண்டும் என்று ஏன் நினைக்கிறோம்? 25 வயதில் பெண்டாட்டியையும் பிள்ளையையும் விட்டுவிட்டு, ஊர் பேர் தெரியாத காட்டில் காலராவில் செத்த ஒருவருக்கு மரியாதை செய்ய, அவர் அங்கே மண் சுமந்தார், திரும்பி வரவில்லை என்ற உண்மை போதும். ரப்பர் தோட்டத் தொழிலாளர்கள் என்றே போடுங்கள்.

இங்கே ஒன்று ஞாபகம் வருகிறது. 2006-ல் தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் தமிழ்ப் பிராமி எழுத்துள்ள நடுகற்கள் கிடைத்தன. இரண்டாயிரம் வருஷத்துக்கு மேற்பட்டவை என்கிறார்கள். அதில் ஒன்று, கூடலூரில் நடந்த ஆகோளில், அதாவது எதிரியின் மாடுகளைக் கவரும் சண்டையில், செத்த அந்தவன் என்பவனுக்கு வைத்த கல். ஒரே வாக்கியம்தான். அதில் ஊர் இருக்கிறது, எதில் செத்தான் என்பது இருக்கிறது, பெயர் இருக்கிறது. பாராட்டு வரி எதுவும் இல்லை. ஒரு மனிதனைப் பற்றி எதைக் கண்டிப்பாக எழுதியாக வேண்டும் என்று அந்த ஊர்க்காரர்களுக்குத் தெரிந்திருக்கிறது.

காஞ்சனபுரியில் வாட் தாவோர்ன் வராராம் கோயிலில் 2023-ல் மலேசியத் தமிழர்கள் முயற்சி எடுத்து, சயாம் ரயிலில் செத்த தமிழர்களுக்கு ஒரு நடுகல் நட்டிருக்கிறார்கள். அடுத்த தடவை போனால் அங்கே அவசியம் போங்கள். நம் ஆட்களுக்கென்று நம்மவர்களே கல் வைத்தது பெரிய காரியம். இனி அந்தக் கல்லுக்குப் பின்னால் பெயர்கள் சேர வேண்டும், அது குடும்பங்களால் மட்டும்தான் முடியும். அரசாங்க ஆவணக் காப்பகத்தில் கிடைப்பது கொஞ்சம்தான். மிச்சம் எல்லாம் வீடுகளில் இருக்கிறது, அதுவும் 85, 90 வயதுக்காரர்களிடம்.

யூதப் படுகொலையில் செத்தவர்களுக்காக இஸ்ரேலில் யாத் வஷேம் நிறுவனம் செய்ததைப் பாருங்கள். செத்தவரைத் தெரிந்த ஒருவர், சொந்தக்காரரோ பக்கத்து வீட்டுக்காரரோ, ஒரு பக்கப் படிவத்தை நிரப்பித் தர வேண்டும். பெயர், பெற்றோர் பெயர், பிறந்த ஊர், தொழில், எங்கே செத்தார், கீழே நிரப்பியவரின் கையெழுத்து. 1950-களிலிருந்து இப்படி லட்சக்கணக்கில் சேர்ந்திருக்கிறது. எல்லாக் கட்டத்தையும் நிரப்பத் தெரியாதவர்கள் தெரிந்ததை மட்டும் நிரப்பியிருக்கிறார்கள். நமக்கும் இதுதான் வழி என்று நினைக்கிறேன். கூட்டம், மேடை, பொன்னாடை எல்லாம் அப்புறம்.

உங்கள் பாட்டி காலத்துப் பெண்கள் புருஷன் பேரைச் சொல்ல மாட்டார்கள். அவர் பேச்சு வந்தாலே ‘இவங்க அப்பா’ என்றுதான் இருந்திருக்கும். அதனால் எத்தனையோ வீடுகளில் பெயரே போய்விட்டது. உங்கள் வீட்டில், ஐசியில் ‘இன்னாரின் மகன்’ என்பதைக் குறிக்கும் அந்த ஏ/எல்-க்குப் பின்னால் அது பிழைத்துக் கிடக்கிறது. ஆனால் ஐசியில் இருப்பது பதிவுப் பெயர், தோட்டத்தில் கூப்பிட்டது வேறாக இருக்கலாம், கிராணி (தோட்டத்துக் கணக்கர்) காதில் விழுந்தபடி எழுதியதாகவும் இருக்கலாம். அத்தையிடம் இதைத்தான் முதலில் கேளுங்கள். அப்புறம் தாத்தாவின் அப்பா பெயர், எந்தத் தோட்டம், எத்தனையாவது லயம் (தொழிலாளர் வரிசை வீடு), கூட யார் யார் ஏறினார்கள், லாரியா ரயிலா, திரும்பி வந்தவர்கள் யாராவது அவரை எங்கேயாவது பார்த்ததாகச் சொன்னார்களா. கடைசிக் கேள்வி முக்கியம், ஏனென்றால் திரும்பி வந்தவர்கள் தோட்டம் தோட்டமாகச் சேதி சொல்லியிருக்கிறார்கள். ‘கூட ஏறினவர்கள்’ என்று அத்தை சொல்லும் பெயர்களையும் விடாமல் எழுதுங்கள். அவர்களில் சிலருக்குக் குடும்பமே இல்லாமல் போயிருக்கும், சிலர் பெண்டாட்டி பிள்ளைகளோடு போனவர்கள். அவர்களுக்கு வேறு எங்கேயும் சாட்சி இருக்காது. அத்தை சொல்வதை அவர் வார்த்தையிலேயே பதிவு செய்யுங்கள், நடுவில் திருத்தாதீர்கள், அழுதால் நிறுத்திவிட்டு இன்னொரு நாள் போங்கள். அப்பாவின் பிறப்புப் பத்திரம் இருந்தால் தோட்டத்தின் பெயர் அதில் இருக்கக்கூடும், அத்தை சொல்வதோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

எந்த நாளில் நடத்துவது என்பது உங்கள் குடும்பத்தின் முடிவு. திதி தெரியாதவர்களுக்கு மகாளய அமாவாசையில் கொடுக்கலாம் என்பது பழக்கத்தில் உள்ளதுதான். சாமி நம்பிக்கை இல்லாதவர்கள் வேறு நாள் வைத்துக்கொள்ளலாம். எந்த நாளானாலும் அன்றைக்குப் பேச்சாளர்களைக் குறைத்துக்கொண்டு, சேர்ந்த பெயர்களைத் தோட்டத்தின் பெயரோடு உரக்க வாசியுங்கள். வந்திருக்கும் ஒவ்வொரு குடும்பமும் தன் வீட்டுப் பெயரைத் தானே எழுந்து வாசிக்கட்டும். நூறு பெயர் இருந்தாலும் பத்து நிமிஷம்தான் ஆகும். புதிதாக வருகிறவர்கள் நிரப்ப வெற்றுப் படிவங்கள் வாசலில் இருக்கட்டும்.

இன்னும் ஒன்று. தாத்தாவோ அவருடைய அப்பாவோ தமிழ்நாட்டில் எந்த ஊரிலிருந்து கப்பலேறினார்கள் என்று அத்தைக்குத் தெரிந்திருக்கலாம். மாவட்டம் மட்டும் தெரிந்தால்கூடப் போதும், எனக்கு எழுதுங்கள். மலாயாவுக்குப் போனவர் என்ன ஆனார் என்று தெரியாமலேயே இருந்துவிட்ட குடும்பங்கள் இங்கேயும் இருக்கின்றன. இதைப் படிக்கும் நண்பர்கள் தங்கள் வீட்டுப் பெரியவர்களிடமும் கேட்டு எழுதினால் உங்கள் கடிதத்தோடு சேர்த்து வெளியிடுகிறேன்.

அன்புடன்