லிடியா முகம் ஏன் கருத்தது? ஸ்கைரிம் பாத்திரங்கள் பற்றிக் கேள்வி பதில்

நீலகிரியில் ஸ்கைரிம் என்ற கணினி விளையாட்டை ஆடுகிறவர்கள் சிலர் சேர்ந்து வைத்திருக்கும் வட்டம் இது. ஆட்டத்தில் நாம் இயக்காத பாத்திரங்களை, அதாவது என்.பி.சி.க்களை, நம் இஷ்டத்துக்கு மாற்றுவது பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் சொல்கிறேன். நான் சொல்வதெல்லாம் 2016-ல் வந்த ஸ்பெஷல் எடிஷனின் கணினிப் பதிப்புக்கு. எக்ஸ்பாக்ஸ், பிளேஸ்டேஷன் வைத்திருப்பவர்கள் மன்னிக்கவும். ஆட்டத்தை மாற்றும் கருவி கிரியேஷன் கிட், அதில் செய்த மாற்றங்கள் பதிகிற கோப்பு பிளக்இன், இப்படிச் செய்து பகிரும் மாற்றத் தொகுப்பு மோட். லிடியா, ஆட்டத்தில் நமக்குத் துணைக்கு வரும் வீராங்கனை.

கேள்வி (குன்னூர், கல்லூரி மாணவர்): அக்கா, கிரியேஷன் கிட்ல லிடியா முகத்தை மாத்தி சேவ் பண்ணேன். ஆட்டத்துல போய்ப் பார்த்தா முகம் மட்டும் கரி பூசுன மாதிரி இருக்கு, கை கால் எல்லாம் சரியா இருக்கு. கிராபிக்ஸ் கார்டு போச்சா?

பதில்: கார்டு பத்திரமாக இருக்கிறது, கடைக்குத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டாம். ஒரு என்.பி.சி.யின் முகம் இரண்டு இடத்தில் இருக்கிறது. எந்த மூக்கு, எந்தக் கண், எந்த முடி என்கிற பட்டியல் பிளக்இன் கோப்புக்குள் இருக்கும். அந்தப் பட்டியலை வைத்து முன்கூட்டியே செய்து வைத்த முகம் தனிக் கோப்பாக இருக்கும்: வடிவத்துக்கு ஒரு நிஃப், நிறத்துக்கு ஒரு டிடிஎஸ். இதைத்தான் ஃபேஸ்ஜென் என்கிறோம். நம் சொந்தப் பாத்திரத்தின் முகத்தை ஆட்டம் அப்போதைக்கப்போது கட்டிக்கொள்ளும். மற்றவர்களுக்கு இந்தத் தயார்க் கோப்பைத்தான் எடுக்கும். ரேஷன் கார்டில் ஒரு படம், வந்து நிற்பது வேறு ஆள் என்றால் கடைக்காரர் என்ன செய்வார்? பட்டியலும் கோப்பும் ஒத்துப்போகாதபோது ஆட்டமும் அப்படித்தான் முறைக்கிறது, முகம் கருத்துவிடுகிறது.

நீங்கள் பட்டியலை மட்டும் மாற்றியிருக்கிறீர்கள். பிளக்இன்னைச் சேவ் செய்துவிட்டு, பாத்திரப் பட்டியலில் லிடியாவைத் தேர்ந்து கண்ட்ரோலும் எஃப் 4-ம் சேர்த்து அழுத்துங்கள். புது ஃபேஸ்ஜென் உருவாகிவிடும்.

இந்தக் கோப்பின் பெயர் அந்தப் பாத்திரத்தின் ஃபார்ம் ஐடி, அதாவது அதன் அடையாள எண். அது உட்காரும் ஃபோல்டரின் பெயர், அந்தப் பாத்திரம் முதலில் எந்த பிளக்இன்னில் பிறந்ததோ அதன் பெயர். அதனால் நீங்களே உருவாக்கிய பாத்திரம் என்றால் பிளக்இன் பெயரை மாற்றினாலும் முகம் போகும், ஐடிக்களைச் சுருக்கி லைட் பிளக்இன் (சிறு வகை பிளக்இன்) ஆக்கினாலும் முகம் போகும். "ஒண்ணுமே பண்ணலக்கா, பேரை மட்டும்தான் மாத்தினேன்" என்று வருகிறவர்கள்தான் அதிகம்.

இரண்டு மோட் ஒரே லிடியாவைத் தொட்டாலும் இதே கதி. பட்டியலில் யார் ஜெயிப்பது என்பதை லோடு ஆர்டர், அதாவது பிளக்இன்கள் ஏறும் வரிசை, முடிவு செய்யும். தனிக் கோப்புகளில் யார் ஜெயிப்பது என்பதை மோட்களை நிறுவும் மோட் மேனேஜரின் வரிசை முடிவு செய்யும். இரண்டிலும் ஒரே மோட் ஜெயிக்க வேண்டும். பிளக்இன்களை ஒப்பிட்டுக் காட்டும் எக்ஸ்எடிட் கருவியில் திறந்தால் கடைசியில் யார் நிற்கிறார் என்று தெரியும். ஊர் முழுக்க முகம் மாற்றுகிற மோட்கள் நாலைந்து இருந்தால் கையால் மல்லுக்கட்டாதீர்கள். ஆளுக்கு ஒரு மோட் என்று தேர்ந்து கொடுத்தால் ஈஸிஎன்பிசி என்ற கருவி எல்லாவற்றையும் ஒன்றாக்கித் தந்துவிடும்.

கேள்வி (வெலிங்டன்): முகம் சரியாயிடுச்சு. கழுத்துல ஒரு கோடு தெரியுது.

பதில்: எடையை மாற்றியிருப்பீர்கள். 0 முதல் 100 வரை உள்ள அந்த எண்ணை மாற்றினால் ஃபேஸ்ஜென்னையும் மறுபடி எடுக்க வேண்டும். அப்படியும் போகவில்லை என்றால், தலைக்கு ஒரு மோட் தோலும் உடம்புக்கு வேறு மோட் தோலும் போட்டிருக்கிறீர்கள்.

கேள்வி (கூடலூர்): கொள்ளைக்காரங்க முகத்தை மாத்தி, கண்ட்ரோல் எஃப் 4 எல்லாம் போட்டாச்சு. ஆட்டத்துல துளி மாற்றம் இல்லை.

பதில்: அவர்கள் டெம்ப்ளேட்டில் இருந்து வருகிறவர்கள். 'யூஸ் டிரெய்ட்ஸ்' என்று டிக் இருந்தால் முகம், இனம், குரல் எல்லாம் மேலே இருக்கிற மூலத்திலிருந்து வரும். நீங்கள் கீழே செய்தது கணக்கில் வராது. மூலப் பாத்திரத்தைத் தேடிப் பிடித்து மாற்றுங்கள். கொள்ளைக்காரனின் மூக்கை அம்பு விடுகிற தூரத்தில் இருந்து யார் பார்க்கப் போகிறார்கள் என்பது வேறு விஷயம்.

கேள்வி (கோத்தகிரி): அக்கா, எங்க பஸ் ஸ்டாண்ட் டீக்கடை அண்ணாச்சி மாதிரி ஒருத்தரை ஆட்டத்துல வர்ற ரிவர்வுட் ஊர்ல வெச்சிருக்கேன். முகம் பக்காவா வந்திருச்சு. ஆனா மனுஷன் ராத்திரி பகல் ஒரே இடத்துல நிக்கிறாரு. வியாபாரமும் பண்ண மாட்டேங்கிறாரு.

பதில்: இன்றைக்கு வந்ததில் எனக்குப் பிடித்த கேள்வி. மூக்கைச் செதுக்க நாள் கணக்கில் உட்காருகிறவர்கள், அந்த ஆள் எத்தனை மணிக்கு எழுவார் என்று யோசிப்பதே இல்லை. முகத்தை நாலு தடவை பார்த்தால் பழகிவிடும். அவர் பிழைப்பைத்தான் தினமும் பார்க்கிறோம்.

அன்றாட வேலைகள் எல்லாம் ஏஐ பேக்கேஜ் என்ற பகுதியில் இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் இடம், தொடங்கும் மணி, எத்தனை மணி நேரம் என்று கொடுக்கலாம். ஆட்டம் மேலிருந்து கீழே பார்த்துக்கொண்டே வந்து, நிபந்தனை பொருந்துகிற முதல் பேக்கேஜை எடுத்துக்கொள்ளும். அண்ணாச்சிக்கு இப்படிப் போடுங்கள்: இரவு 10-லிருந்து 6 மணி நேரம் தூக்கம், கட்டில் அவர் பெயரில். காலை 5-லிருந்து 15 மணி நேரம் கடையில் சாண்ட்பாக்ஸ், அதாவது அங்கேயே தன் போக்கில் உட்கார்ந்து நடமாடுவது. அடியில் நேரமே குறிக்காத ஒரு சாண்ட்பாக்ஸ் கட்டாயம் வேண்டும். இல்லாவிட்டால் இடைப்பட்ட நேரத்தில் மறுபடி சிலைதான். இதை மேலே வைத்துவிட்டால் கீழே உள்ளவை ஓடவே ஓடாது. கடையை நீங்களே புதிதாகக் கட்டியிருந்தால் தரையில் நேவ்மெஷ் (பாத்திரங்களுக்கு நடக்கும் வழி காட்டும் வலை) வரைந்தீர்களா என்றும் பாருங்கள். அது இல்லாமல் நடக்க வழி தெரியாது.

வியாபாரத்துக்கு ஒரு வெண்டர் ஃபேக்ஷன், அதாவது வியாபாரிக் குழு, தேவை. என்ன வாங்குவார் விற்பார், சரக்குப் பெட்டி எது, கடை நேரம் என்ன, எந்த இடத்தைச் சுற்றி விற்பார் என்பதெல்லாம் அதில் வரும். ஜாப் மெர்ச்சன்ட் ஃபேக்ஷனிலும் சேருங்கள். காசையும் சரக்கையும் அவர் பையில் போடாதீர்கள், பெட்டியில் போடுங்கள். பெட்டியை ஆட்டக் கணக்கில் 48 மணி நேரத்துக்கு ஒருமுறை ஆட்டமே நிரப்பிவிடும். ஃபேக்ஷனின் கடை நேரமும் பேக்கேஜ் நேரமும் ஒன்றாக இருக்கட்டும். இல்லையென்றால் கல்லாவில் உட்கார்ந்துகொண்டே விற்க மாட்டார்.

இன்னொன்று. எல்லாவற்றுக்கும் மேலே 'இஸ் ரெய்னிங்' என்ற நிபந்தனையோடு ஒரு பேக்கேஜ் வைத்து, மழை வந்தால் பக்கத்துச் சத்திரத்தில் போய் உட்காரச் செய்யுங்கள். கோத்தகிரிக்காரர் மழையில் ஒதுங்காமல் நின்றால் யார் நம்புவார்கள்? தூக்கத்தை மட்டும் அதற்கும் மேலே வைத்துவிடுங்கள், பாவம்.

கேள்வி (ஊட்டி): தோடர் பூத்துக்குளி சால்வையை ஒரு பாட்டி பாத்திரத்துக்குப் போடலாமா அக்கா? எல்லாருக்கும் போயிடுமோன்னு பயமா இருக்கு.

பதில்: இருக்கிற டெக்ஸ்சர் (உடையின் மேல் ஒட்டும் படம்) கோப்பின் மேல் எழுதினால் எல்லோருக்கும் போய்விடும். புது டெக்ஸ்சர் செட் ஒன்று செய்து, ஆர்மர் ஆடானில் (உடையின் தோற்றத்தைச் சொல்லும் பதிவு) மாற்று டெக்ஸ்சராகக் கொடுத்து, அதை வைத்துப் புது உடையும் புது அவுட்ஃபிட்டும் (உடைத் தொகுப்பு) உருவாக்குங்கள். பாட்டியின் டிஃபால்ட் அவுட்ஃபிட்டில் அதைப் போட்டால் அவருக்கு மட்டும். வெறுமனே பையில் வைத்தால் உடுத்துவார் என்பதற்கு உத்தரவாதம் இல்லை.

அந்தச் சிவப்பு கறுப்பு வேலை துணியின் நூலை எண்ணிப் போடுவது. கோடுகள் நேராக இருந்தால்தான் அதற்கு அழகு. யுவி, அதாவது படம் பரப்பில் ஒட்டும் கணக்கு, இழுபட்டிருக்கிற தோள்பட்டையில் பட்டால் கோணிக்கொள்ளும். சமமான பரப்பில் வருகிற மாதிரி வையுங்கள். தோடர் எம்பிராய்டரிக்கு 2013-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. அதைப் போடுகிற பெண்கள் உங்கள் ஊரிலேயே இருக்கிறார்கள். மோடை வெளியிடுவதானால் அவர்களிடம் காட்டிக் கேட்டுவிட்டு வெளியிடுங்கள், யாருடைய வேலைப்பாடு என்று எழுதுங்கள். கொள்ளைக்காரர்களுக்கும் மந்திரவாதிகளுக்கும் மாட்டிவிடுவது எனக்குப் பிடிக்காது.

கேள்வி (கூடலூர் பக்கம், தேயிலைத் தோட்டம்): கூட வர்ற பாத்திரம் தமிழ்ல பேசணும். எங்க அப்பத்தா குரல்ல ரெக்கார்ட் பண்ணி வெச்சிருக்கேன். புது வாய்ஸ் டைப் (குரல் வகை) செஞ்சதும் "என்கூட வா"ங்கிற பேச்சே காணாமப் போச்சு.

பதில்: ஆட்டத்தில் ஏற்கனவே உள்ள துணைவர் பேச்சு, குறிப்பிட்ட வாய்ஸ் டைப்புகளுக்கு மட்டும் கட்டப்பட்டது. புது டைப் அந்தப் பட்டியலில் இல்லை. சுலப வழி, இருக்கிற டைப் ஒன்றையே வைத்துக்கொண்டு, அப்பத்தா பேசுகிற வரிகளைத் தனிக் குவெஸ்ட்டில் (ஆட்டத்தின் பணி) எழுதுவது. அந்த குவெஸ்ட் ஆட்டம் தொடங்கும்போதே ஓடுவதாக இருந்தால் 'செக்' (SEQ) என்ற கோப்பும் உருவாக்குங்கள்; அது இல்லாததால் பேச்சு வராமல் தலையைப் பிய்த்துக்கொள்கிறவர்கள் உண்டு. ஒலியும் உதட்டசைவும் சேர்ந்த ஃபஸ் கோப்புகள், பிளக்இன் பெயர், அதற்குள் வாய்ஸ் டைப் பெயர் என்ற ஃபோல்டர்களில் போகும். ஒலி இல்லாத வரிகள் கண் இமைப்பதற்குள் ஓடிவிடும். 'ஃபஸ் ரோ டோ' மோட் போட்டால் படிக்கிற அளவு நிற்கும். தகரக் கூரைக்கடியில் தென்மேற்குப் பருவத்தில் ரெக்கார்ட் செய்யாதீர்கள்.

கேள்வி (ஊட்டி, ஒரு தந்தை): ஏம்மா, என் பையன் அவங்க டீச்சர் முகத்தை ஒரு பாத்திரத்துக்கு வெச்சிருக்கான். விளையாட்டுதானேன்னு விடலாமா?

பதில்: விடாதீங்க சார். கேட்காமல் யார் முகத்தையும் வைக்கக் கூடாது. இந்த மோட்களில் உடை இல்லாத உடம்புகளும் சாதாரணமாகச் சுற்றுகின்றன. ஒரு படம் வெளியே போனால் போதும். திட்டாமல் சொல்லி, நீக்கச் சொல்லுங்கள். முகம் செதுக்கத் தெரிந்த பையன், கற்பனையில் வேறு முகம் செய்துகொள்வான்.

கேள்வி (குன்னூர், மறுபடி அதே மாணவர்): கண்ட்ரோல் எஃப் 4 வேலை செஞ்சுது அக்கா, நன்றி! முகம் மாறிடுச்சு, ஆனா உடை மட்டும் பழைய சேவ்ல மாறலை.

பதில்: நீங்கள் ஏற்கனவே சந்தித்த பாத்திரத்தின் உடையும் கையிருப்பும் சேவ் கோப்பில் பதிந்திருக்கும். சோதிக்க அந்த சேவ் கோப்பைத் திறக்காதீர்கள். முதல் மெனுவிலேயே கட்டளை அடிக்கும் கன்சோலைத் திறந்து சி.ஓ.சி. (coc) என்று அடித்து, கிரியேஷன் கிட்டில் உள்ள அந்த இடத்தின் பெயரைக் கொடுத்தால் நேரே அங்கே இறங்கலாம், எல்லாம் புதிதாக இருக்கும். அங்கே சரியாக வந்தால் மோடில் குறை இல்லை. பார்த்துவிட்டு சேவ் செய்யாமல் வெளியே வாருங்கள். ஊரில் கரண்ட் போவதற்குள் பிளக்இன்னையும் ஒரு நகல் எடுத்து வையுங்கள்.