கனவு நாட்டுக்கு நிலப்படம்: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: நாவல் ஒன்று எழுதுகிறேன். நாயகன் 1930களில் நில அளவைத் திணைக்களத்தில் படவரைஞர். பகலில் வன்னிக் காட்டை வரைகிறார், இரவில் கனவில் கண்ட நாடுகளை வரைகிறார். அவர் கையில் என்னென்ன இருந்திருக்கும்? (வாசகர், கிளிநொச்சி)

பதில்: முதலில் ட்ரேசிங் துணி. படத்தைப் படியெடுக்க உதவும், மாப்பசை ஏற்றிய மெல்லிய துணி அது. ஒரு பக்கம் பளபளக்கும், மறுபக்கம் மங்கல். பென்சில் மங்கல் பக்கத்தில்தான் பிடிக்கும். சோக்குத் தூள் தூவித் துடைத்த பிறகே மை ஏறும், இல்லாவிட்டால் முத்து முத்தாகத் திரளும். ஒரு சொட்டு நீர் விழுந்தாலும் பசை கரைந்து வெள்ளைத் திட்டு விழும். மாரியில் ஒழுகும் கூரையும் வியர்க்கும் கையும் அவருக்குப் பெரும் பகை. கைக்குக் கீழே ஒரு துண்டுக் கடதாசி எப்போதும் இருக்கட்டும்.

அடுத்தது திருகாணி வைத்த கோட்டுப் பேனா. அதன் இரண்டு உலோக இதழுக்கும் நடுவே கால் அங்குல உயரத்துக்கு மேல் மை ஏற்றினால் கொட்டிவிடும். மை படும் இடத்தில் அளவுகோலின் விளிம்பும் துணியில் ஒட்டினால் மை அடியில் ஓடிக் கோடு பரவும்.

வெளி அளவைக்கு 66 அடிச் சங்கிலி: 100 கண்ணி, 80 சங்கிலி ஒரு மைல், 10 சதுரச் சங்கிலி ஓர் ஏக்கர். பாவிக்கப் பாவிக்கக் கண்ணிகள் தேய்ந்து சங்கிலி நீளும். கண்ணிக்கு அரை மில்லிமீற்றர் நீண்டாலே சங்கிலி 5 சென்ரிமீற்றர் கூடிவிடும், ஒரு மைலை அளந்தால் 4 மீற்றர் குறைவாகக் காட்டும். கதைக்கு இதைவிட நல்ல பிழை எங்கே கிடைக்கும்?

கேள்வி: அந்தப் படவரைஞருடைய கனவு நாட்டை நானே வரைந்து பார்த்தேன். ஆறுகளும் குளங்களும் பொய்யாகத் தெரிகின்றன. ஏன்? (வாசகி, ஒட்டுசுட்டான்)

பதில்: நடு நாட்டில் ஓர் ஆற்றை இரண்டாகப் பிரித்து இரு கடலுக்கும் அனுப்பியிருப்பீர்கள். ஆறுகள் போகும் வழியில் சேரும். பிரிவதெல்லாம் பெரும்பாலும் கழிமுகத்தில்தான். உங்கள் ஊரைச் சுற்றிப் பாருங்கள். கனகராயன் ஆறு வடக்கே போகிறது, பாலியாறு மேற்கே, பேராறு கிழக்கே நந்திக்கடலுக்கு. நடுவில் பெரிய மலை ஏதும் இல்லை, ஒரு மெல்லிய மேடுதான் நீரைப் பங்கிடுகிறது. ஆகவே முதலில் மேட்டைப் பென்சிலால் போடுங்கள், ஆறு பிறகு.

குளத்தை வட்டமாகப் போடுவது அடுத்த தவறு. தாழ்ந்த பக்கத்தில் குளக்கட்டு ஒரு தெளிவான கோடு, மேட்டுப் பக்கத்தில் அலைகரை (நீர் தொடும் ஓரம்) விரல் விரலாக உள்ளே போகும். இரணைமடுவில் கட்டு வடக்கே, நீர் தெற்கே விரிகிறது. துருசு (நீர் திறக்கும் மதகு) கட்டில், வான் (மிகை நீர் வழியும் இடம்) கட்டின் ஓரத்தில், வயல் கட்டுக்குக் கீழே. வயலை அலைகரையில் வரைந்தால் எங்கள் விவசாயிகள் புத்தகத்தை மூடிவிடுவார்கள். கனவு நாடாக இருந்தாலும் நீர் பள்ளத்துக்குத்தான் ஓட வேண்டும். எல்லாவற்றையும் மாற்றினால் வாசகர் எதையும் நம்பமாட்டார்.

கேள்வி: கனவில் தூரமே நிலையாக இல்லையே, அளவுத்திட்டம் எதற்கு? (வாசகர், வவுனியா)

பதில்: தூரத்துக்குப் பதில் நேரத்தை வையுங்கள். ஒரு விரற்கடை ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். ரோட்டில் அது 2 கிலோமீற்றர் நடை, காட்டில் அதன் பாதிகூட வராது. வடிவத்துக்கு 1675இல் ஜோன் ஓகில்பி இங்கிலாந்து வீதிகளுக்கு வெளியிட்ட நாடாப் படங்கள் உதவும். ஒரே பாதையை நீள நாடாக்களாக அடுக்கியிருப்பார். இடது நாடாவின் அடியிலிருந்து மேலே போய், அடுத்த நாடாவின் அடியில் தொடர வேண்டும். நாடாவுக்கு நாடா வடக்கு திரும்புவதால் ஒவ்வொன்றிலும் திசைகாட்டி இருக்கும். கனவும் ஒரே பாதையில் போவதால் இந்த முறை அச்சாகப் பொருந்தும்.

கேள்வி: படத்தைப் பழசாகக் காட்டத் தேயிலைச் சாயம் பூசலாமா? (வாசகி, முல்லைத்தீவு)

பதில்: கடதாசியில் பூசலாம் (ட்ரேசிங் துணியில் வேண்டாம்), ஆனால் வரைவதற்கு முன். சாயத்தை ஆறவிட்டுப் பூசி, முழுதாகக் காய்ந்த பிறகு வரையுங்கள்.

கேள்வி: அந்தப் படவரைஞர் இறந்த பிறகு எதை மிஞ்ச வைப்பது? (வாசகர், மன்னார்)

பதில்: ஒரு பொய் இடத்தை. 1798இல் ஆங்கிலேயப் படவரைஞர் ஜேம்ஸ் ரென்னல் மேற்கு ஆபிரிக்காவில் வரைந்த கொங் மலைத்தொடரை மற்றவர்கள் பார்த்துப் பார்த்துப் படியெடுத்தார்கள். 1880களின் கடைசியில் பிரெஞ்சு அதிகாரி லூயி குஸ்தாவ் பின்ஜே நேரில் போனபோது அங்கே மலை இல்லை. இன்னொன்று, 1930களில் அமெரிக்கப் படத்தில் களவைப் பிடிக்கப் போட்ட 'ஆக்லோ' என்ற இல்லாத ஊர். வரைந்த இருவரின் முதலெழுத்துக்களைக் கலைத்து எடுத்த பெயர் அது. வேறு நிறுவனத்தின் படத்திலும் அந்த ஊர் வந்தது, களவு என்றார்கள். ஆனால் அதற்குள் படத்தைப் பார்த்த யாரோ அதே பெயரில் அங்கே ஒரு கடை திறந்திருந்தார்கள். உங்கள் படவரைஞரும் அரசாங்கப் படத்தில் ஒரு கனவுக் குளத்தைச் சேர்த்துவிடட்டும். பிறகு காணிப் பிணக்கு ஒன்றில் ஒரு சட்டத்தரணி அந்தக் குளத்தையே எல்லையாகக் காட்டினால் இரண்டாம் பாகத்துக்குக் கதை ரெடி.